வீட்டுத் தண்ணீர்

வானொலி நிலையத்தின் குழாய்களில் இரண்டு நாளாகக் காற்றுதான் வந்துகொண்டிருந்தது. கழிப்பறை வாசலில் வாளி வைத்திருந்தார்கள். நாடகப் பிரிவின் வேலை மட்டும் நிற்கக் கூடாது என்றார்கள். அதனால் சுவரக்கா தன் கைப்பையிலிருந்த பாட்டிலை எடுத்து, வீட்டிலிருந்து கொண்டுவந்த தண்ணீரைக் கண்ணாடித் தம்ளரில் ஊற்றினாள்.

அப்படிச் செய்யக் கூடாது. பயிற்சியின் முதல் நாளே சொல்லித் தருவது அது: வீட்டுத் தண்ணீர் வீட்டுக் கதைக்கு அசையாது. தினமும் கேட்டுக் கேட்டு அதற்குப் பழகிப் போயிருக்கும். ஆனால் தன் வீட்டில் அப்படி என்ன கதை நடக்கிறது என்று அவள் நினைத்தாள். காலையில் மகளுக்குத் தலை பின்னும்போது தான் சொல்கிற ஒன்றுதான். அதுவும் கூடத்து ஜன்னலோரம். தண்ணீர் இருப்பது அடுக்களையில்.

எந்தக் கதையும் தனி வீடு இல்லை என்பது அந்த நாட்டில் பள்ளிக்கூடப் பிள்ளைக்கும் தெரிந்த பாடம். கதைகள் வரிசை வீடுகள். இரண்டு வீட்டுக்கு ஒரு சுவர். இங்கே ஓர் அறையைப் பெரிதாக்கினால் அங்கே ஓர் அறை சுருங்கும். முன்பு ஒரு மேடை நாடகத்தில் அரசனின் காலை வெட்டினார்கள். மறுநாள் ஆற்றுக்கு அந்தப் பக்கம் குழந்தைகள் பாடிய குதிரைப் பாட்டில் குதிரை நொண்டத் தொடங்கியது. யாரும் பாட்டை மாற்றவில்லை. வாயில் அப்படித்தான் வந்தது. அதன் பிறகு சட்டம் போட்டார்கள். பொதுவில் ஒலிக்கும் கதையில் திருப்பம் வைக்குமுன் சுவர் பார்க்க வேண்டும். எழுதியவர் திருப்பத்தை வாய்விட்டுச் சொல்வார். சுவர் ஆய்வாளர் தம்ளரின் விளிம்பில் விரல் வைத்திருப்பார். தண்ணீர் நடுங்கினால் பொதுச்சுவர். அந்தப் பக்கத்துக் கதையைச் சொல்கிறவரைத் தேடிப் போய்ச் சம்மதம் வாங்க வேண்டும். அவர் மாட்டேன் என்றால் மாட்டேன்தான்.

இதெல்லாம் கட்டிய கதைக்கு மட்டும். நடந்த சங்கதிக்குச் சுவர் இல்லை. 'உண்மைக்குப் பக்கத்து வீடு கிடையாது' என்பதுதான் பாடப்புத்தகத்தின் கடைசி வரி.

ஆய்வாளரைச் சுவரக்கா என்று முதலில் கூப்பிட்டவன் தொடரை எழுதுகிற கத்தரி. யார் எழுதியதையும் வெட்டிவிடுவான் என்பதால் அவனுக்கு அந்தப் பெயர். பதிலுக்குப் பதில்.

"சொல்லுப்பா," என்று விளிம்பில் விரலை வைத்தாள்.

"கப்பலேறிப் போன அப்பன் திரும்பி வர்றான்கா. காலைல. கதவைத் தட்டுறான். கையில ஒரு பை."

"அவனா? தொடர் ஆரம்பிச்ச மாசமே போனவனாச்சே. நீயே மறந்துட்டேன்னு நினைச்சேன்."

"நான் மறந்தேன். கேக்கறவங்க மறக்கல. அந்தக் கப்பல் இன்னுமா கரைக்கு வரலைன்னு போன் மேல போன். என் பொண்டாட்டியே கேக்கறா. வீட்டுல சோறு கிடைக்கணும்ல."

தண்ணீர் அசையவில்லை. அவள் இன்னொரு முறை சொல்லச் சொன்னாள். அப்போதும் கண்ணாடிபோல நின்றது. கையெழுத்துப் போட்டாள்.

அன்று மாலை ஒலிபரப்பில் அப்பன் கதவைத் தட்டினான். கடைத்தெரு முழுக்க வானொலிகளில் அந்த ஒரே தட்டல் கேட்டது.

மறுநாள் காலை சுவரக்கா மகளுக்கு ஒரு பக்கம் பின்னி முடித்து மறுபக்கத்துக்கு வகிடு எடுத்துக்கொண்டிருந்தாள். மகளுக்குப் பதினொரு வயது. வழக்கம்போல அவளுக்கு அன்றைய பங்கைச் சுவரக்கா சொல்லிக்கொண்டிருந்தாள்: அப்பாவின் கப்பல் ஒரு தீவில் நிற்கிறது, அங்கே இறங்க ஏணி இல்லை, கயிறுதான்.

சுவரக்காவின் கணவன் கப்பலில் போகவில்லை. துறைமுகத்தில் கிரேன் ஓட்டியவன். ஆறு வருடங்களுக்கு முன் கம்பி அறுந்து, உட்கார்ந்திருந்த கூண்டோடு கீழே வந்தான். உடலை அடையாளம் காட்டியது அவனுடைய அக்கா. அவள் இப்போதும் மாடி வீட்டில்தான் இருக்கிறாள். ஐந்து வயதுக் குழந்தையிடம் எப்படிச் சொல்வது என்று தெரியாமல், அப்பா கப்பலில் போயிருக்கிறார் என்று சுவரக்கா சொல்லிவைத்தாள். ஒரு வாரத்துக்கென்று சொன்ன பொய். அது பள்ளிக்கூடம் சேர்ந்து, பல் விழுந்து முளைத்து, மகளோடு கூடவே வளர்ந்தது. நிலையத்தில் யாருக்கும் அவள் கணவன் எப்படி இறந்தான் என்பது தெரியாது. அவள் சொன்னதில்லை, அவர்களும் கேட்டதில்லை.

கதவு தட்டப்பட்டது.

மகள்தான் பாதித் தலையோடு ஓடிப்போய்த் திறந்தாள். வாசலில் ஓர் ஆள். உயரமாக, வெயிலில் கருத்து, தோளில் பச்சைக் கித்தான் பையோடு. இடது புருவத்தை இரண்டாகப் பிளந்து ஒரு தழும்பு.

"வந்துட்டீங்களா," என்றாள் மகள். கடைக்குப் போனவர் திரும்பியதுபோல.

சுவரக்காவின் கையிலிருந்த சீப்பு கீழே விழுந்தது. அந்தத் தழும்பு அவளுக்குத் தெரியும். மூன்றாம் வகுப்பில் மகள் படித்தபோது, ஒரு நாள் சொல்ல வேறொன்றும் தோன்றாமல், புயலில் கயிறு அறுந்து அப்பாவின் புருவத்தில் அடித்தது என்று சுவரக்காதான் சொன்னாள். அவள் கணவனின் முகத்தில் தழும்பே கிடையாது.

அந்த ஆள் உள்ளே வந்து செருப்பைக் கழற்றினார். பையைத் திறந்து ஒரு விளக்கை எடுத்தார். சிப்பிகளை ஒட்டிச் செய்த விளக்கு. அதுவும் அவள் சொன்னதுதான், போன மழைக்காலத்தில். "அம்மா, இது உனக்காம்," என்று மகள் வாங்கி அவள் கையில் கொடுத்தாள். விளக்கு கனமாக இருந்தது. உப்பு மணத்தது. கதையில் ஒரு சொல் மாறும், ஒரு குதிரை நொண்டும். அதெல்லாம் அவளுடைய வேலை. கதையிலிருந்து ஓர் ஆள் வந்து கூடத்தில் நின்றதாக எந்தப் பாடப்புத்தகமும் சொல்லவில்லை.

ஜன்னலில் பக்கத்து வீட்டுப் பூனை ஏறியது. அவர் ஒரே தாவில் நாற்காலிமேல் நின்றார். மகள் விழுந்து விழுந்து சிரித்தாள். "பூனைன்னா அவருக்கு பயம்மா!"

அதைச் சுவரக்கா சொன்னதில்லை. அவளுக்கு அப்போது அது உறைக்கவில்லை. கால்கள் தாமாக மாடிப்படி ஏறின.

"அண்ணி, கொஞ்சம் கீழ வாங்க."

"என்னடி இது, பேயறைஞ்ச மாதிரி நிக்கிற? அடுப்புல பால் இருக்கு."

"பால் பொங்கட்டும். வாங்க."

அண்ணி முணுமுணுத்துக்கொண்டே இறங்கி வந்தாள். கூடத்தில் நாற்காலியிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தவர் அவளைப் பார்த்துச் சிரித்தார். "அக்கா, சௌக்கியமா?"

அண்ணி கதவின் சட்டத்தைப் பிடித்துக்கொண்டாள். பதில் சொல்லவில்லை. சுவரக்காவின் கையைப் பிடித்து வெளியே இழுத்துப் போனாள்.

"யாருடி அவன்?"

"தெரியல அண்ணி."

"என் தம்பி என்னை ஒரு நாளும் அக்கான்னு கூப்பிட்டதில்ல. 'ஏ குண்டு'ன்னுதான் கூப்பிடுவான். செத்துப்போறதுக்கு முந்தின நாள்கூட இந்தப் படியில நின்னு, ஏ குண்டு, கொஞ்சம் நகரு, வெளிச்சம் வரட்டும்னான்." அவளுக்கு மூச்சு வாங்கியது. "துணிய விலக்கி அவனைப் பார்த்தவ நான். எனக்கே வந்து சௌக்கியமா கேக்கறான்."

"நான் ஆபீஸ் போகணும். நான் வர்ற வரைக்கும் பாப்பாகூடவே இருங்க. கண்ணை எடுக்காதீங்க."

"பாலைப் பார்க்கறதா, பிள்ளையப் பார்க்கறதா, பூதத்தைப் பார்க்கறதா?" என்றாள் அண்ணி. ஆனாலும் உள்ளே போய்க் கூடத்தின் நடுவில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தாள்.

நிலையத்தில் தண்ணீர் வந்திருந்தது. சுவரக்கா கைப்பையைக்கூடக் கழற்றாமல் குழாயில் தம்ளரை நிரப்பிக் கத்தரியின் மேசைமேல் வைத்தாள்.

"நேத்து சொன்னதைத் திரும்பச் சொல்லு."

"அதுதான் ஒலிபரப்பாயிடுச்சேக்கா. ஊரே கேட்டுடுச்சு."

"சொல்லுடா."

அவள் யாரையும் 'டா' போட்டதில்லை. கத்தரி பேனாவைக் கீழே வைத்தான். "கப்பலேறிப் போன அப்பன் திரும்பி வர்றான். கதவைத் தட்டுறான். கையில ஒரு…"

பை என்று சொல்லி முடிக்கவில்லை. தண்ணீர் துள்ளி வழிந்து, மேசைமேலிருந்த தாள்களை நனைத்தது. இத்தனை வருட வேலையில் தண்ணீர் நடுங்கிப் பார்த்திருக்கிறாள். துள்ளிப் பார்த்ததில்லை.

கத்தரி நாற்காலியைப் பின்னால் தள்ளி எழுந்தான். "நேத்து அசையலையேக்கா!"

"நேத்து என் வீட்டுத் தண்ணி."

அவனுக்குப் புரிய ஒரு கணம் பிடித்தது. பிறகு மெதுவாக உட்கார்ந்தான். "அப்போ பக்கத்துக் கதை உங்க வீட்டுலயா? போச்சு. இன்னிக்கு மத்தியானம் ரெக்கார்டிங். டைரக்டர் அந்தாளைக் கொன்னுடச் சொல்லிட்டார். வந்த மறுநாளே செத்தா ஊரே அழுமாம்."

"எப்படிச் சாகிறான்?"

"துறைமுகத்துல. கிரேன் ஓட்டுற வேலைக்குச் சேர்றான். முதல் நாளே கம்பி அறுந்து, கூண்டோட…" அவள் முகத்தைப் பார்த்து நிறுத்தினான். "என்னக்கா?"

"இதை யார் உனக்குச் சொன்னது?"

"யாரும் சொல்லல. காலைல பல் தேய்க்கும்போது வந்துச்சு."

அவள் மேசையின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டாள். வீட்டில் மகள் அந்த ஆளோடு உட்கார்ந்திருக்கிறாள். இன்று மாலை ஒலிபரப்பில் கம்பி அறுந்தால், அந்தக் கூடத்தில், அந்தக் குழந்தையின் கண்முன்னால் என்ன விழும்?

"நிறுத்து. பக்கத்து வீட்டுக்காரி நான்தான். நான் சம்மதிக்கல."

"நீங்க சொன்னா போதும்கா. ஆனா டைரக்டர்கிட்ட நான் காட்டணும்ல. உங்க கதையைச் சொல்லுங்க, தண்ணி ஆடட்டும், எழுதிடுறேன்."

கத்தரி தம்ளரை மறுபடி நிரப்பி வந்தான். அவள் விரலை வைத்தாள். நிலையத்துத் தண்ணீர், அது அவள் கதையைக் கேட்டதே இல்லை. சொல்லத் தொடங்கினாள். அப்பா கப்பலில் போயிருக்கிறார். புயலில் கயிறு அறுந்தது. புருவத்தில் தழும்பு. சிப்பி விளக்கு. ஏணி இல்லாத தீவு. ஆறு வருடக் காலைகள்.

தண்ணீர் அசையவில்லை.

விரலை எடுத்துத் துடைத்து மறுபடி வைத்தாள். முதலிலிருந்து சொன்னாள். ஒரு வளையம்கூட எழவில்லை.

"அக்கா," என்றான் கத்தரி தயங்கி, "கேக்கறவங்க நம்பாத கதைக்குச் சுவரே கிடையாதுன்னு நீங்கதானே எங்களுக்கு…"

"தெரியும்."

அவள் கதையைக் கேட்டவள் ஒருத்திதான். தெருவில் பேருந்து ஒன்று ஹாரன் அடித்துக்கொண்டே போனது.

பாட்டிலில் நிலையத்துத் தண்ணீரைப் பிடித்துக்கொண்டு இருவரும் வீட்டுக்குப் போனார்கள். கூடத்தில் அண்ணி இன்னும் அதே நாற்காலியில் அதே நிமிர்வில் உட்கார்ந்திருந்தாள். எரிந்துபோன பாலின் வாடை மாடியிலிருந்து இறங்கியிருந்தது. அந்த ஆள் ஜன்னலோரத்தில் நின்றிருந்தார். கத்தரி அவரை மேலிருந்து கீழாகப் பார்த்தான். அவன் உதடுகள் வெளுத்தன.

"பைன்னுதான்கா எழுதினேன்," என்றான் தணிந்த குரலில். "பச்சைன்னு எழுதல."

சுவரக்கா மகளை அடுக்களைக்கு அழைத்துப் போய்த் தம்ளரை அவள் முன்னால் வைத்தாள். மகளின் தலை இன்னும் ஒரு பக்கம்தான் பின்னியிருந்தது.

"கண்ணு, பள்ளிக்கூடத்துல அப்பாவைப் பத்திச் சொல்லுவியா?"

மகள் தம்ளரைப் பார்த்தாள். அம்மாவின் வேலை அவளுக்குத் தெரியும். "சொல்லுவேன்."

"எனக்கும் சொல்லு."

"எங்கப்பா பச்சைப் பையோட வருவார்," என்று தொடங்கினாள். முதல் சொல்லிலேயே தண்ணீர் நடுங்கியது. "அவருக்குப் பூனைன்னா பயம். அத்தையப் பார்த்தா மரியாதையா அக்கா சௌக்கியமான்னு கேப்பார்." தம்ளர் மேசையில் கடகடத்தது. சுவரக்கா அதை இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்தாள்.

"யார்கிட்டல்லாம் சொல்லியிருக்கே?"

"கிளாஸ்ல எல்லாருக்கும். எல்லாரும் நம்புறாங்க. தனியா இருந்தா உன் பாட்டில்ல தண்ணி பிடிக்கும்போது சொல்லிப் பார்ப்பேன். மறந்துடக் கூடாதுல்ல."

தினமும் அந்தப் பாட்டிலை நிரப்பித் தருவது மகள்தான்.

"நான் சொன்னதை நீ நம்பலையா?"

மகள் மேசையின் கீறலை நகத்தால் சுரண்டினாள். "அத்தை அலமாரில அப்பாவோட ஹெல்மெட் இருக்கும்மா. உடைஞ்சது. ரெண்டாம் கிளாஸ்ல பார்த்தேன்."

வாசலில் நின்றிருந்த அண்ணி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"அப்போ இத்தனை நாளும் ஏன் கேட்டுக்கிட்டு இருந்தே?"

"உனக்குச் சொல்றது பிடிச்சிருந்துச்சு," என்றாள் மகள். "சொல்லும்போது நீ தலைய இழுக்காம பின்னுவே."

கத்தரிதான் குனிந்து, மகளின் உயரத்துக்கு வந்து, சட்டப்படி கேட்க வேண்டியதைக் கேட்டான். பக்கத்து வீட்டுக்காரி அவள்தான். கேட்டே ஆக வேண்டும். "பாப்பா, எங்க தொடர்ல இன்னிக்கு அந்த அப்பா… அதாவது, அவரு செத்துப்போற மாதிரி வருது. நீ வேண்டாம்னு சொன்னா வேண்டாம். அவர் இங்கயே இருப்பார். எவ்வளவு நாள் வேணாலும்."

"வேண்டாம்னு சொல்லு கண்ணு," என்றாள் சுவரக்கா. அந்த ஆளைக் கண்டு அவளுக்குக் குலைநடுங்கியது. ஆனாலும் சொன்னாள். இரண்டாவது முறை விழுவதைவிட அவர் இருந்துவிட்டுப் போகட்டும்.

மகள் கூடத்தை எட்டிப் பார்த்தாள். ஜன்னலோரத்தில் அவர் அப்படியே நின்றிருந்தார். அவள் அடுக்களைக்கு வந்தபோது அவர் நின்ற அதே இடம்.

"அவர் நான் சொன்னதை மட்டும்தான்மா பேசறார்," என்றாள் மெதுவாக. "கடல்ல மீன் பார்த்தீங்களான்னு கேட்டேன். என் வாயையே பார்த்துக்கிட்டு நின்னார். நான் பார்த்தேன்னு சொன்னதும் பார்த்தேன்னார். பசிக்குதான்னு கேட்டேன். அதுக்கும் என் வாயைத்தான் பார்த்தார்." முதல்முறையாக அவள் குரல் உடைந்தது. "எனக்குப் பயமா இருக்கும்மா."

அண்ணி வந்து அவளைத் தன் இடுப்போடு சேர்த்துக்கொண்டாள். "ஆமாடி. கண்ணாடியோட குடித்தனம் பண்ண முடியுமா?"

"ஆனா விழக் கூடாது," என்றாள் மகள் அத்தையின் சேலைக்குள்ளிருந்து. "கிரேன் வேண்டாம். கப்பல்லயே போகட்டும்."

கிரேன் என்ற சொல்லைக் கத்தரி அவளிடம் சொல்லியிருக்கவில்லை. அவன் சுவரக்காவைப் பார்த்தான். அவளும் பார்த்தாள். அவன் வாசற்படி இறங்கி நிலையத்துக்கு ஓடினான்.

மாலை ஒலிபரப்பைச் சுவரக்காவும் மகளும் அண்ணியும் கூடத்தில் உட்கார்ந்து கேட்டார்கள். அந்த ஆள் மட்டும் நின்றுகொண்டு. வானொலியில் அப்பன் தன் மனைவியிடம், கடல் கூப்பிடுகிறது, நான் கிளம்புகிறேன் என்றான். ஜன்னலோரத்தில் உதடுகள் அதே சொற்களுக்கு அசைந்தன, நடிகரின் குரலோடு இம்மி பிசகாமல். சுவரக்கா மகளின் கண்களைத் தன் கையால் மூடினாள். மகள் அந்தக் கையை விலக்கிவிட்டுப் பார்த்தாள்.

அவர் பச்சைப் பையைத் தோளில் மாட்டினார். செருப்பைப் போட்டார். யாரும் கதவைத் திறக்கவில்லை, அவரே திறந்தார். தெருவில் விளக்குகள் எரியத் தொடங்கியிருந்தன. மூலைவரை அவர் முதுகு தெரிந்தது.

"கதவைச் சாத்துடி," என்றாள் அண்ணி. சிறிது நேரம் கழித்து, தனக்குத்தானே சொல்வதுபோல, "அவன் கேட்டதுக்கு ஒரு வார்த்தை சௌக்கியம்னு சொல்லியிருக்கலாம்," என்றாள்.

சிப்பி விளக்கு அலமாரிமேலேயே இருந்தது. அது போகவில்லை.

மறுநாள் காலை மகள் வழக்கம்போல ஜன்னலோரம் வந்து உட்கார்ந்தாள். சுவரக்கா சீப்பை எடுத்தாள். வகிடு எடுத்தாள். சொல்வதற்கு வாயைத் திறந்து மூடிக்கொண்டாள்.

"கப்பல் வேண்டாம்மா," என்றாள் மகள். "அந்தக் கூண்டுக்குள்ள அப்பா எப்படி ஏறுவார்? அதைச் சொல்லு."

அவள் சொன்னாள். ஏணிக்கு அடியில் நின்று செருப்பைக் கழற்றிவிடுவார், வெறுங்காலில்தான் ஏறுவார். மேலே போனதும் கீழே இருக்கிறவர்களுக்கு ஒரு சீட்டி அடிப்பார். உயரத்திலிருந்து பார்த்தால் நம் வீட்டு மாடியில் அத்தை துணி காயப்போடுவது தெரியும் என்பார். நான் நம்ப மாட்டேன். ஒரு நாள் என்னையும் மேலே கூட்டிப் போனார். தெரிந்தது. மஞ்சள் சேலை.

அந்த வீட்டில் இதை அவள் ஒரு முறையும் சொன்னதில்லை. மகள் திரும்பவில்லை. ஆனால் மூச்சை அடக்கிக்கொண்டு கேட்பது பின்னலைப் பிடித்திருந்த கைக்குத் தெரிந்தது. ஒவ்வொரு சொல்லையும் அவள் நம்பினாள்.

முடிச்சுப் போடுவதற்கு ரப்பர் வளையத்தை எடுக்க, சுவரக்கா ஜன்னல் விளிம்புக்குக் கையை நீட்டினாள். அங்கே மகள் குடித்துவிட்டு வைத்த தம்ளரில் பாதித் தண்ணீர் இருந்தது. வேலைப் பழக்கத்தில் விரல் தானாகப் போய் அதன் விளிம்பில் படிந்தது.

தண்ணீர் நடுங்கிக்கொண்டிருந்தது.

காற்று இல்லை. தெருவில் வண்டி இல்லை. அவள் பேச்சை நிறுத்தினாள், நடுக்கம் நின்றது. "மஞ்சள் சேலை," என்று மறுபடி சொன்னாள். விளிம்பைத் தொட்டு வளையங்கள் எழுந்தன. உண்மைக்குப் பக்கத்து வீடு கிடையாது என்று பரீட்சைகளில் எழுதி மதிப்பெண் வாங்கியவள் அவள். கத்தரிக்குப் பல் தேய்க்கும்போது அந்தக் கம்பி எந்தச் சுவர் வழியாக வந்தது என்று இப்போது தெரிந்தது. அந்தச் சுவருக்கு அந்தப் பக்கம் இன்னும் எத்தனை பேர் இருக்கிறார்கள் என்பதுதான் தெரியவில்லை.

"ஏம்மா நிறுத்திட்டே?" என்றாள் மகள்.